எங்களுக்கென்று கட்டின மூன்றாம் வீடு

நான் கட்டினவற்றை முதலில் சொல்லிவிடுகிறேன். இழந்ததைப் பிறகு சொல்லலாம்.

உட்துறைமுக வீதியில் கடலைப் பார்த்துக்கொண்டு நிற்கிற கருங்கல் மதில் நான் கட்டினது. எத்தனை மாரி வந்து அடித்தும் அதில் ஒரு கல் அசைந்ததில்லை. சந்தைக்குப் பின்னால் மீன் வெட்டுகிற மேடை, கிண்ணியாவில் பள்ளிவாசலுக்குத் தண்ணீர்த் தொட்டி, கிளிவெட்டியில் நெல்லுப் போடுகிற களஞ்சியம், உப்புவெளியில் வெள்ளைக்காரர் வந்து தங்குகிற விடுதிக்குச் சுற்றுச் சுவர், எல்லாம் என் கை. வெறும் பாறை, இதில் தண்ணீர் வராது என்று ஓவசியர்மார் கைவிட்டுப் போன வளவில் கிணறு இறக்கி நல்ல தண்ணீர் காட்டினவன் நான். சீமெந்து வாங்க அரசாங்கம் பெமிற் கேட்ட காலத்தில் மற்றக் கொந்தராத்துக்காரர் எல்லாரும் வேலையை விட்டுவிட்டுக் குந்திக்கொண்டிருக்க, நான் கடலில் எடுத்த முருகைக்கல்லைச் சுட்டுச் சுண்ணாம்பு எடுத்துச் சுவர் எழுப்பினேன். அந்தச் சுவரில் இன்றைக்கும் ஆணி இறங்காது. படித்தது இரண்டாம் வகுப்பு. இதையும் நானேதான் எழுதுகிறேன். எழுத்தில் பிழை பிடிக்க வருகிறவர்கள் முதலில் என்னுடைய மதிலில் ஒரு பிழை பிடித்துக் காட்டட்டும்.

கட்டைபறிச்சானில் இருந்து மூதூருக்கு நடந்து, அங்கே லோஞ்ச் ஏறித் திருகோணமலைக்கு வந்தவன் நான். வந்த நாளில் இடுப்பில் கட்டின ஒரு சாரமும் ஒரு சேட்டும்தான் சொத்து. கடற்படை டொக்யார்ட்டில் கல் சுமந்தேன். சுமக்கிறபோதே மேசன்மாரின் கையைப் பார்த்துப் பார்த்து வேலை பிடித்தேன். ஒருத்தரும் எனக்குச் சொல்லித் தரவில்லை. வெள்ளைக்காரன் கடற்படையைக் கட்டிக்கொண்டு போனபோது கன பேர் வேலை போய் அழுதுகொண்டு ஊருக்குத் திரும்பினார்கள். நான் திரும்பவில்லை. மேசன் கரண்டியை எடுத்துக்கொண்டு தனிய இறங்கினேன். அப்போது என்னோடு வேலைக்கு வந்த ஒரே ஆள் என் மனிசி. சாந்துச் சட்டியைத் தலையில் வைத்துச் சாரத்துப் பலகையில் ஏறுவாள். பிள்ளை வயிற்றில் இருக்கும்போதும் ஏறினவள்.

எங்கள் பக்கத்தில் பெண் பிள்ளை பிறந்தால் அப்பன் வீடு கட்டவேணும். நகை நட்டுக் கொஞ்சம் குறைந்தாலும் கதைத்துச் சமாளிக்கலாம். வீடு இல்லையென்றால் சம்பந்தம் பேச ஒருத்தரும் வளவுக்குள் வரமாட்டார்கள். கலியாணம் முடிய மாப்பிள்ளை பெண்ணின் வீட்டுக்கு வந்துவிடுவார், வீடு மகளுடையது. பெற்றவர்கள் அடுத்த வீட்டுக்கு மாறவேணும். எனக்கு இரண்டு பெண். மூத்தவளுக்கு ஒரு வீடு கட்டிக் கொடுத்தேன். இளையவளுக்கு இன்னொன்று கட்டி, அவளுக்குச் சரிவரும் வரையும் அதில் நாங்கள் இருந்தோம். மூன்றாவதாக ஒரு துண்டுக் காணி வாங்கி, துறைமுகத்துக்கு மேலே மேட்டில், எங்கள் இரண்டு பேருக்கென்று ஒரு வீடு கட்டினேன்.

அந்த வீட்டுக்குக் குசினி எங்கே வரவேணும் என்று சொன்னவள் மனிசி. எல்லாரும் பின்னுக்கு மூலையில்தான் குசினி வைப்பார்கள். இவள் வெறுங்காணியில் நின்று சேலைத் தலைப்பைத் தூக்கிப் பிடித்து, காற்று எந்தப் பக்கத்தால் வருகிறது என்று பார்த்தாள். “இஞ்சாருங்கோ, குசினி இந்தப் பக்கம். கடல் காத்து புகையைக் கொண்டு போயிடும்,” என்றாள். அவளுக்கு இழுப்பு வருத்தம், மூச்சு முட்டும். புகை பட்டால் இரவு முழுக்க நெஞ்சைப் பிடித்துக்கொண்டிருப்பாள். அவள் சொன்ன இடத்தில் பெரிய யன்னல் வைத்து, அடுப்புக்கு மேலே புகைக்கூண்டு எழுப்பினேன். இந்தப் பட்டினத்தில் அப்படி ஒரு குசினி பெரிய உத்தியோகத்தர் வீட்டிலும் இல்லை.

இளையவளின் கலியாணம் சரிவராமல் இழுத்துக்கொண்டிருந்த காலம் அது. அந்த மூன்றாம் வீடு பூட்டிக் கிடந்தது. “பூட்டிக் கிடந்தா கறையான் திண்டுபோடும். நல்ல சனமாப் பாத்து வாடகைக்குக் குடுப்பம்,” என்று மனிசிதான் சொன்னாள். துறைமுகக் கந்தோரில் வேலை செய்த ஒரு கிளாக்கர் வந்தார். யாழ்ப்பாணத்து வேதக்காரர், சேர்ச்சுக்குப் போகிற ஆள், தங்கமான மனுசன். மனிசி, மூன்று ஆண் பிள்ளைகள்.

“அண்ணை, பிள்ளையளின்ர பள்ளிக்கூடச் சோதினை முடியிற வரையும்தான். பிறகு ஊரோட போயிடுவம்,” என்றார்.

“அவசரமில்லை, இருங்கோ. வீட்டை மட்டும் பிள்ளை மாதிரிப் பாருங்கோ,” என்றேன்.

பார்த்தார். அதில் குறை சொல்ல ஏலாது. வாடகையும் தவறாது. வாசலில் கடதாசிப் பூச்செடி வைத்தார், சுவருக்கு நீலம் அடித்தார். ஆட்கள் அந்த வீட்டைக் கிளாக்கர் வீடு என்று சொல்லத் தொடங்கினார்கள். நான் அதைக் காதில் எடுக்கவில்லை. நான் கட்டின எத்தனையோ கட்டடத்தை வேறு ஆட்களின் பேரில்தானே சொல்லுகிறார்கள்.

கடைசியில் இளையவளுக்குச் சரிவந்தது. மாப்பிள்ளை அரசாங்க உத்தியோகம், நல்ல குடும்பம். ஊர் வழக்கப்படி நாங்கள் இருந்த வீட்டை அவளுக்கு எழுதினேன். மகிழ்ச்சியாகத்தான் எழுதினேன். கிளாக்கர் வீட்டை விடும் வரைக்கும் என்று சொல்லி, நானும் மனிசியும் பின்னால் இருந்த பத்திக்கு மாறினோம். விறகு அடுக்குவதற்கென்று வீட்டுச் சுவரோடு சாய்ப்பாக நான் இறக்கின பத்தி அது.

மருமகனைப் பற்றி ஒரு குறை எழுதமாட்டேன். ஆனால் எங்கள் சனத்தில் மாமி மருமகனுக்கு முன்னால் வந்து நிற்கமாட்டாள். முகம் பார்த்துக் கதைக்கமாட்டாள், அவர் இருக்கிற இடத்தில் இருக்கமாட்டாள். அதுதான் மரியாதை. ஒரு நாள், இரண்டு நாள் என்றால் அது மரியாதை. ஒரே வீட்டில் வருசக்கணக்காக என்றால் அது மறியல், சிறைதான். மருமகன் கந்தோரால் வந்துவிட்டார் என்றால் என் மனிசி பத்தியை விட்டு வெளியே வரமாட்டாள். கிணற்றடிக்குப் போக வேலியைச் சுற்றிப் போவாள். அவர் சாப்பிட்டு எழும்பி விறாந்தைக்குப் போன பிறகுதான் அவளுக்குச் சாப்பாடு. குசினி மகளுடையது, பத்தி குசினியோடு ஒட்டினது, புகை முழுக்க எங்களுக்குத்தான் வரும். இழுப்பு வருகிறபோது இருமல் அவருக்குக் கேட்கக்கூடாது என்று சேலையை வாய்க்குள் அடைத்துக்கொண்டு இருமுவாள். தான் மண் சுமந்து கட்டின வீட்டில்.

நான் மகளிடம் சொல்லிப் பார்த்தேன். “அம்மா சும்மா கூச்சப்படுறா அப்பா. அவர் ஒண்டும் நினைக்கமாட்டார்,” என்றாள். அவளில் பிழை இல்லை. அவர் ஒன்றும் நினைக்கிறவர் இல்லைத்தான். நினைக்கிறது என் மனிசி அல்லவா.

கிளாக்கரின் பிள்ளைகளுக்குச் சோதினை முடிந்தது. அவரும் பென்சன் எடுத்தார். நான் மனிசியையும் கூட்டிக்கொண்டு போனேன். என்னை விறாந்தையில் கதிரை போட்டு இருத்தினார். மனிசியைக் கிளாக்கரின் மனிசி உள்ளுக்குக் கூட்டிக்கொண்டு போனார்.

“கிளாக்கர், இனி வீட்டைத் தரவேணும். எங்களுக்கு இருக்க இடமில்லை,” என்றேன்.

கிளாக்கர் தன் கதிரையை எனக்குக் கிட்ட இழுத்துப் போட்டார். “அண்ணை, ஒளிக்காமச் சொல்லுறன். எனக்கு ஊரில வீடில்லை. இருந்ததைத் தங்கச்சிக்குச் சீதனமாக் குடுத்திட்டம். நீங்கள் மகளுக்குக் குடுத்தியள், நான் தங்கச்சிக்குக் குடுத்தன். ரெண்டு பேரும் ஒரு கிணத்துக்குள்ளதான் கிடக்கிறம்.”

“கிணறு என்ர. நீங்கள் ஏறுங்கோ.”

“ஏணி எங்க அண்ணை? இந்த டவுனில ஒரு அறை எடுக்க ஏலுமே? நானும் தேடாத இடமில்லை.”

“அது என்ர கதையில்லை.”

“சட்டம் அதை உங்கட கதையுமாக்கிப் போட்டுதே. குடியிருக்கிறவனை லேசில எழுப்ப ஏலாது.”

“அப்ப கோட்டில சந்திப்பம்,” என்று எழும்பினேன்.

“சந்திப்பம். அதுக்கு முதல் தேத்தண்ணியைக் குடியுங்கோ, ஆறப்போகுது.”

குடித்தேன். என்ன செய்கிறது, நல்ல தேத்தண்ணி.

திரும்பி வருகிறபோது மனிசி எனக்குப் பின்னால் நடந்து வந்தாள். பத்திரகாளி கோயிலடி தாண்டின பிறகு, “அவ என்னைக் குசினிக்குள்ள இருத்தித் தேத்தண்ணி போட்டுத் தந்தவ. புகையே இல்லை. அக்கா, இப்பிடி ஒரு குசினி ஆர் நினைச்சுக் கட்டினதோ எண்டு கேட்டவ,” என்றாள்.

“நீ என்ன சொன்னனீ?”

“உங்களைச் சொன்னன்.”

அதற்குப் பிறகு நான் கோடேறி வழக்குப் போட்டேன். வழக்குப் பேச அப்புக்காத்து ஒருத்தரைப் பிடித்தேன். வயது குறைந்தவர், கெட்டிக்காரர், வாய் கொஞ்சம் கூட. அவர் எனக்கு விளங்கப்படுத்தினார்: வீட்டுச் சொந்தக்காரன் தானே குடியிருக்க வீடு வேணும் என்று உண்மையாகக் காட்டினால் கோடு தரும். ஆனால் காட்டவேணும்.

“வீடில்லை எண்டு சொன்னாக் காணாது பெரியவர். இப்ப இருக்கிற இடத்தில இருக்க ஏலாது எண்டு சொல்லவேணும். மனிசி படுகிற பாட்டை உங்கட வாயால சொல்லுங்கோ. மருமகனுக்கு ஒளிச்சுத் திரியிறது, சேலையை அடைச்சுக்கொண்டு இருமுறது, எல்லாம்.”

“ஓம்.”

“அம்மாவையும் கூண்டில ஏத்துவமோ?”

“கூண்டில ஏத்த அவள் என்ன களவெடுத்தவளோ?”

“சரி சரி, நீங்கள் மட்டும் ஏறுங்கோ,” என்று சிரித்தார்.

வழக்குத் தவணை தவணையாகப் போனது. ஒருக்கால் நீதவானுக்குச் சுகமில்லை, ஒருக்கால் மற்றப் பக்கத்து அப்புக்காத்து வரவில்லை. மனிசி ஒவ்வொரு முறையும் நான் வரும் வரையும் பத்தி வாசலில் பார்த்துக்கொண்டிருப்பாள். கடைசியாக என்னைக் கூப்பிடுகிற தவணை வந்தது. அன்று காலையில் நான் வேட்டி கட்டி வெளிக்கிட, இளைய மருமகன் லீவு போட்டுவிட்டு வெள்ளைச் சேட்டோடு நிற்கிறார். மூத்த மருமகனும் வந்துவிட்டார். “மாமாவைத் தனிய விடப்படாது,” என்றார்கள். இளையவர் தன்னுடைய தமையனையும் கூட்டிக்கொண்டு வந்தார். நல்ல எண்ணத்தில்தான் வந்தார்கள். நான் வேண்டாம் என்று எப்படிச் சொல்லுவது?

கோட்டில் மூன்று பேரும் முன் வாங்கில் வரிசையாக இருந்தார்கள். நான் கூண்டில் ஏறினேன். என்னுடைய அப்புக்காத்து கேட்டதற்கெல்லாம் ஒழுங்காகச் சொன்னேன். இந்த வீட்டை எனக்கென்றுதான் கட்டினேன், மற்ற இரண்டும் பிள்ளைகளுக்கு எழுதியாயிற்று, மனிசிக்கு இழுப்பு வருத்தம். பிறகு கிளாக்கரின் அப்புக்காத்து எழும்பினார்.

“உங்களுக்கு இந்த ஊரில எத்தனை வீடு?”

“கட்டினதைக் கேக்கிறியளோ, இருக்கிறதைக் கேக்கிறியளோ? கட்டினதெண்டா பொழுதுபட்டிடும்.”

பின்னுக்கு இருந்தவர்கள் சிரித்தார்கள். நீதவானும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“இப்ப எங்க இருக்கிறியள்?”

“இளைய மகளின்ர வீட்டில.”

“நீங்களே கட்டின வீடு?”

“ஓம். ஊரில ஆரையும் கேட்டுப் பாருங்கோ.”

“நல்ல வீடு?”

“நான் கட்டினது கூடாத வீடாய் இருக்குமோ?”

“அப்ப அந்த நல்ல வீட்டில உங்களுக்கு என்ன குறை? மகள் சாப்பாடு தாறேல்லையோ?”

நான் முன் வாங்கைப் பார்த்தேன்.

“மருமகன் மரியாதைக் குறைவாக நடக்கிறாரோ? உங்கட மனிசி அந்த வீட்டில கஷ்டப்படுறாவோ? சொல்லுங்கோ.”

என்னுடைய அப்புக்காத்து எனக்குத் தலையாட்டினார். இதுதான் இடம், சொல்லு என்று. நானும் சொல்லத்தான் வாயைத் திறந்தேன். முன் வாங்கில் மருமகன் இருக்கிறார். மாமா தன்னைப் பற்றி என்ன சொல்லப்போகிறார் என்று பார்க்கிறார். பக்கத்தில் அவருடைய தமையன். அவருக்குப் பின்னால் பாதி ஊர். நான் இந்தக் கூண்டில் நின்று, என் மனிசி மகளின் வீட்டில் புகைக்குள் கிடக்கிறாள், மருமகனுக்கு ஒளித்துத் தின்கிறாள் என்று சொன்னால், அது பொழுதுபட முன்னம் மூதூர் வரைக்கும் போய்விடும். மகள் பிறகு அந்த மனுசனின் முகத்தில் எப்படி முழிப்பாள்? அவருடைய ஆட்கள் விடுவார்களோ? சீதனமாகக் கொடுத்த வீட்டைப் பற்றிக் கோட்டில் குறை சொன்ன அப்பன் என்று அவளுடைய ஆயுளுக்கும் சொல்லிக் காட்டுவார்கள்.

“என்ர மகள் என்னை அரசன் மாதிரி வச்சிருக்கிறாள். மருமகன் எனக்கு மகன் மாதிரி. எங்களுக்கு அங்க ஒரு குறையுமில்லை,” என்றேன்.

“நன்றி. வேற கேள்வி இல்லை,” என்று கிளாக்கரின் அப்புக்காத்து இருந்துவிட்டார். நீதவான் குனிந்து எழுதினார். கிளாக்கர் என்னைப் பார்க்கவில்லை, நிலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

வெளியில் வந்ததும் என்னுடைய அப்புக்காத்து, “ஊரில இருக்கிற கல்லெல்லாத்தையும் அடுக்கின பெரியவர், ஒரு வசனத்தை அடுக்கத் தெரியாமப் போச்சே,” என்றார். மருமகன் எனக்கு ஒரு சோடா வாங்கித் தந்தார். அவருடைய முகத்தில் அப்படி ஒரு பூரிப்பு. தமையனுக்கு முன்னால் அவருக்கு அது பெரிய காரியம்.

தீர்ப்பு எங்களுக்குப் பாதகமாக வந்தது. தன் விருப்பத்தில் வீட்டைப் பிள்ளைக்குக் கொடுத்தவர், அந்த வீட்டில் குறையில்லாமல் இருக்கிறேன் என்று தானே சொல்லுகிறார். குடியிருக்கிறவருக்கோ போக வேறு இடமில்லை. அவ்வளவுதான்.

அன்று பத்திக்குள் வந்து மனிசிக்கு எல்லாவற்றையும் சொன்னேன். கோட்டில் நான் சொன்ன பதிலையும் அப்போதுதான் சொன்னேன்.

“அப்ப அவர் அங்க இருந்தவரோ?” என்று கேட்டாள்.

“முன் வாங்கில.”

“பிறகு நீங்கள் வேற என்னத்தைச் சொல்ல ஏலும்,” என்றாள். திரும்பி அரிசி புடைக்கத் தொடங்கினாள். கொழும்புக்கு அப்பீல் போகலாம் என்று அப்புக்காத்து சொன்னதையும் சொன்னேன். “வேண்டாம். அங்கையும் இதைத்தானே கேப்பினம்,” என்றாள்.

எனக்கு இன்னொரு வீடு கட்டலாம் என்ற எண்ணம் வந்தது. கட்டுகிற கை இதுவரை எதற்கும் தோற்றதில்லை. ஆனால் காணி இல்லை, கண் மங்கிவிட்டது, தூக்குக் குண்டைப் பிடித்தால் நூல் இரண்டாகத் தெரிகிறது. சரி, வீடு வேண்டாம், பத்திக்கும் குசினிக்கும் நடுவில் ஒரு சுவராவது எழுப்பி, புகையை வெளியில் எடுத்துவிட ஒரு கூண்டு வைப்போம் என்று கல்லுக் கொண்டுவந்து இறக்கினேன். மருமகன் வந்து பார்த்தார். கோபமில்லாமல்தான் கேட்டார்: “மாமா, இதென்ன? மாமாவையும் மாமியையும் தனிச் சுவர் வச்சுப் பிரிச்சுப் போட்டன் எண்டு சனம் சொல்லாதோ?” மகளும் பின்னுக்கு நின்று வேண்டாம் என்று கையைக் காட்டினாள். கல்லைத் திருப்பி அனுப்பினேன். ஊரெல்லாம் சுவர் கட்டினவனுக்கு அந்த ஒரு சுவர் கட்ட ஏலாமல் போய்விட்டது.

அடுத்த மாரியில் மழை விடவில்லை. விறகு ஈரம், புகை கூட. மனிசிக்கு இழுப்பு ஏறி இறங்காமல் நின்றது. பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோய் வைத்திருந்தோம், கொஞ்சம் சுகம் என்று திருப்பி விட்டார்கள். விட்ட இடம் அதே பத்தி. ஒரு பின்னேரம் மருமகன் விறாந்தையில் றேடியோ கேட்டுக்கொண்டிருக்க, அவள் சேலைத் தலைப்பை வாயில் பொத்தினாள். நான் அதை இழுத்து எடுத்தேன். “விடு, இருமு. நல்லா இருமு,” என்றேன். அவள் எடுக்க விடவில்லை. அந்தக் கிழமைக்குள் போய்விட்டாள்.

செத்தவீட்டுக்குக் கிளாக்கரும் மனிசியும் முதல் ஆளாக வந்தார்கள். கிளாக்கர் என்னை வேலியடிக்குக் கூட்டிக்கொண்டு போய் என் கையைப் பிடித்தார்.

“அண்ணை, நீங்கள் பிழையா எடுக்கப்படாது. அக்காவை அங்க, உங்கட வீட்டில கொண்டுபோய் வைச்சு எடுப்பமோ? நாங்கள் எல்லாம் ஒதுக்கித் தாறம். மனிசியும் அதைத்தான் சொல்லுறா.”

ஒரு நாளாவது, உயிர் போன பிறகாவது, அவள் அந்த வாசலுக்குள் போவாள். ஓம் என்று வாய் வரைக்கும் வந்தது. பந்தலுக்குள் மகள் தாயின் காலைப் பிடித்துக்கொண்டு கிடந்தாள். பிள்ளையின் வீடு இருக்க, தாயை வாடகைக்காரரின் வீட்டில் இருந்து எடுத்தார்கள் என்று ஊர் சொல்லும். ஏன் என்று கேட்கும். கோட்டில் நான் மூடி வைத்தது எல்லாம் அந்த ஒரு கேள்வியில் வெளியே வந்துவிடும்.

“வேண்டாம் கிளாக்கர். அவள் மகளின்ர வீட்டில இருந்துதான் போகவேணும்,” என்றேன்.

அப்படித்தான் போனாள். கிளாக்கர் இன்றைக்கும் அந்த வீட்டில் இருக்கிறார். நான் இந்தப் பத்தியில் இருக்கிறேன். அவருக்கும் எனக்கும் கோபமில்லை. வழியில் கண்டால் இரண்டு பேரும் நின்று தலையாட்டிவிட்டுப் போவோம்.

என்னால் பொறுக்க ஏலாதது வேறு. வீட்டுக்கு ஆட்கள் வந்தால் மருமகன் பகிடியாகச் சொல்லுவார், “மாமா கோட்டில அரசன் எண்டு சொல்லி அரண்மனையை விட்டவர்,” என்று. எல்லாரும் சிரிப்பார்கள். மகளும் சிரிப்பாள். மூத்தவள், “அப்பாவின்ர வாயாலதான் அம்மாவுக்கு வீடில்லாமப் போனது,” என்று என் காது கேட்கச் சொன்னவள். பெருமை பேசிப் பேசி வீட்டைத் தொலைத்த கிழவன் என்று ஊரும் முடிவு கட்டிவிட்டது.

நான் பெருமைக்காரன்தான். இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் அன்றைக்குக் கூண்டில் நின்று சொன்னது பெருமை இல்லை. அது நான் என் மகளுக்குக் கொடுத்த கடைசிச் சீதனம். வீட்டை எழுதினபோது எல்லாரும் பார்த்தார்கள், மேளம் அடித்தார்கள். இதைக் கொடுத்தபோது ஒருத்தருக்கும் தெரியாது, என் மனிசியைத் தவிர. தன் மூச்சைக் கொடுத்து அதில் பாதியைக் கொடுத்தவள் அவள். இந்தக் குடும்பம் ஊருக்குள் தலை நிமிர்ந்து திரிகிறதென்றால், அதில் எங்கள் இரண்டு பேருக்கும் பங்கு இருக்கிறது. எனக்கு இனி வீடு வேண்டாம். என் மகள்மார் தங்கள் பிள்ளைகளுக்கு இந்தக் கதையைச் சொல்லுகிறபோது அந்தப் பங்கைச் சேர்த்துச் சொல்லவேணும். நான் இருக்கும்போதே, என் காது கேட்கச் சொல்லவேணும்.